கையெழுத்து தீர்ப்பான கதை

ரப்பர் ஷீட் விற்றவருக்குப் பணம் வரவில்லை. வாங்கியவரோ சரக்கு மட்டம் என்கிறார். வழக்கு நீதிமன்றம் ஏறுகிறது. விசாரணை நாள் நெருங்கும்போது இரு தரப்பு வழக்கறிஞர்களும் வராந்தாவில் நின்று பேசி, ஒரு தொகைக்கு ஒத்துவருகிறார்கள். உள்ளே போய் நீதிபதியிடம் சொல்கிறார்கள். அவர் அந்த ஒப்பந்தத்தைப் பதிவு செய்து தம் உத்தரவாகவே ஆக்கிவிடுகிறார். அதற்குப் பிறகு எவராவது சொல் தவறினால், முதலிலிருந்து புது வழக்குப் போட வேண்டியதில்லை. நேரே நிறைவேற்று மனு, ஜப்தி என்று போகலாம்.

வணிக உலகத்துக்கு இது பழகிய வழி. இந்தியாவில் 1908ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை, 3ஆம் விதி இதற்கென்றே இருக்கிறது. இங்கிலாந்தில் 1927இல் நீதிபதி டாம்லின் ஒரு முறையை வகுத்துக் கொடுத்தார்: வழக்கை நிறுத்தி வைத்து, சமரச நிபந்தனைகளை உத்தரவோடு ஓர் அட்டவணையாகச் சேர்ப்பது. இன்றும் அது அவர் பெயராலேயே டாம்லின் உத்தரவு எனப்படுகிறது. மலேசிய உயர்நீதிமன்றங்களில் இசைவுத் தீர்ப்பு அன்றாட நடப்பு.

ஆனால் முதலாளியும் முதலாளியும் மோதிக்கொள்ளும் வழக்குகளில்தான் இந்த வசதி வெகுகாலம் இருந்தது. சிரம்பானைச் சுற்றி லாபு, ரந்தாவ், சிலியாவ், லிங்கி, அந்தப் பக்கம் பகாவ் என்று நெகிரி செம்பிலான் முழுக்கப் பரந்து கிடந்த கித்தாத் தோட்டங்களில் துரைக்கும் பால்மரம் வெட்டுகிறவருக்கும் இடையில் பேசி முடித்த வார்த்தைக்கு நீதிமன்ற முத்திரை கிடையாது. அந்த முத்திரை தோட்டத்துக்கு வந்து சேர்ந்த கதை இது. வந்த வழி நீளமானது. அதற்குக் கொடுத்த விலையும் உண்டு.

கூலியை முதலில் யார் நிர்ணயித்தார்கள் என்பதிலிருந்து தொடங்க வேண்டும். தென்னிந்தியாவிலிருந்து ஆள் கொண்டுவரும் வேலையைக் கவனிக்க 1907இல் இந்தியக் குடியேற்றக் குழு அமைந்தது. அரசு அதிகாரிகளும் தோட்ட முதலாளிகளும் அதில் உட்கார்ந்தார்கள். 1920களின் பிற்பகுதியில் அந்தக் குழு, போக்குவரத்து வசதியுள்ள பகுதிகளில் ஆணுக்கு நாளொன்றுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்று கூலி வகுத்தது. உலகச் சந்தையில் ரப்பர் விலை விழுந்ததும் அதையும் குறைத்தது. ஏற்றியபோதும் இறக்கியபோதும் லயத்தில் இருந்தவரை உட்காரவைத்துப் பேசி முடிவு செய்ததில்லை. விடியற்காலைப் பிரட்டுக் களத்தில் கங்காணி சொல்லித்தான் புதுக் கூலி தெரியவரும். அதே வேலையைச் செய்யும் பெண்ணுக்கு ஏன் பத்துக் காசு குறைவு என்று கேட்கவும் இடமில்லை. 1936இன் இறுதியில் இந்திய அரசு அனுப்பிய சீனிவாச சாஸ்திரி வந்து நிலைமையைப் பார்த்து அறிக்கை எழுதினார். 1938இல் இந்திய அரசு உதவிக் குடியேற்றத்தை நிறுத்தியது.

1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் ஆர். எச். நாதன் தலைமையில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது. கூலி உயர்வோடு இன்னொரு கோரிக்கையும் அங்கே இருந்தது: துரை எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்கி நிற்கச் சொல்லக் கூடாது. ராணுவத்தை இறக்கி அடக்கினார்கள். நாதனை நாடு கடத்தினார்கள். பேச உட்கார வேண்டும் என்று கேட்டவர்களுக்குக் கிடைத்த பதில் துப்பாக்கி. போருக்கு முந்தைய மலாயாவில் தோட்டத்தில் எழுத்து மூலமான உடன்பாடு ஏன் பிறக்கவில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான விடை வேண்டியதில்லை.

ஜப்பானியர் போன பிறகு எல்லாம் மாறியது. 1946இல் நெகிரி செம்பிலான் இந்தியத் தொழிலாளர் சங்கம் உருவானது. அதன் செயலாளராக வந்தவர் பி. பி. நாராயணன், கேரளத்தில் பிறந்தவர், அப்போது இருபத்து மூன்று வயது இளைஞர். அதே காலத்தில் இடதுசாரிகளின் அகில மலாயாத் தொழிற்சங்கக் கூட்டமைப்பு நாடு முழுக்கத் தோட்டங்களில் வேரூன்றியிருந்தது. அதன் வேலைநிறுத்தங்கள் பெரியவை, அதன் துணிச்சலும் பெரியது. 1948 ஜூனில் அவசரகாலச் சட்டம் வந்தது. கூட்டமைப்பின் பதிவு ரத்தானது. அதன் தலைவராக இருந்த எஸ். ஏ. கணபதி 1949 மே 4ஆம் தேதி தூக்கிலிடப்பட்டார். அவருக்குப் பின் பொறுப்பேற்ற வீரசேனன் அதற்கு முந்தைய நாள்தான் சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார். இருவரும் தமிழர்கள், இளைஞர்கள்.

இதைச் சொல்லாமல் நாராயணனின் கதையை மட்டும் சொன்னால் அது பாதிக் கதை. பேச்சுவார்த்தை மேசை போடப்பட்ட இடத்தில் ஏற்கெனவே ரத்தம் சிந்தியிருந்தது. மிதவாதச் சங்கங்களோடு பேசலாம் என்று காலனி அரசும் தோட்ட முதலாளிகளும் முன்வந்ததற்கு, அந்த இடதுசாரிக் கூட்டமைப்பின் மீதிருந்த அச்சம் ஒரு முக்கியக் காரணம். அதற்காக அந்த மேசையில் உட்கார்ந்தவர்களின் உழைப்பைச் சிறியது என்று நான் சொல்லமாட்டேன். இரண்டையும் சேர்த்தே நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

நெகிரி செம்பிலானில் தொடங்கிய அந்தச் சங்கம் மலாயாத் தோட்டத் தொழிலாளர் சங்கமாக விரிந்தது. 1954இல் வெவ்வேறு மாநிலங்களின் ஐந்து சங்கங்கள் இணைந்து தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் பிறந்தது. நாராயணன் அதன் பொதுச் செயலாளரானார். 1996இல் இறக்கும் வரை அந்தச் சங்கத்தோடு அவர் பெயர் பிரிக்க முடியாமல் இருந்தது. 1962இல் மகசேசே விருது பெற்றார். 1975இல் சுதந்திரத் தொழிற்சங்கங்களின் அனைத்துலகக் கூட்டமைப்புக்கே தலைவரானார். சங்கத்தின் தமிழ் ஏடான ‘சங்கமணி’ லயம் லயமாகப் போனது.

எதிர்ப்பக்கத்தில் முதலாளிகளும் ஒன்றுசேர்ந்திருந்தார்கள். அவர்களுடைய அமைப்பு பின்னாளில் மாப்பா என்ற பெயரில் வழங்கியது. தோட்டத்துக்குத் தோட்டம் தனித்தனியாகச் சண்டை போடுவதற்குப் பதில், ஒரு சங்கமும் ஓர் அமைப்பும் நாடு முழுமைக்கும் பேசி முடிக்கும் பழக்கம் 1950களில் நிலைபெற்றது. ரப்பர் விலை ஏறினால் கூலி ஏறும், இறங்கினால் இறங்கும் என்ற படிக்கட்டுக் கணக்கும் அந்த ஒப்பந்தங்களில் வந்தது. பெரிய முன்னேற்றம்தான். குழு ஒன்று மூடிய அறையில் வகுத்த கூலிக்கும், தொழிலாளியின் பிரதிநிதி எதிரே உட்கார்ந்து வாதாடிக் கையெழுத்திட்ட கூலிக்கும் வேறுபாடு உண்டு.

ஆனால் அந்தக் கையெழுத்துக்கு என்ன பலம்?

சட்டத்தின் கண்ணில் மிகக் குறைவு. ஒரு தோட்டத்து ஆப்பீஸில் ஒப்பந்தப்படி கூலி போடவில்லை என்றால் சங்கம் கடிதம் எழுதலாம், பேசலாம், கடைசியில் வேலைநிறுத்தம் செய்யலாம். ஒப்பந்தத்தைத் தீர்ப்பைப் போலக் கொண்டுபோய் நிறைவேற்றித் தரும்படி கேட்க ஓரிடம் இல்லை. 1948ஆம் ஆண்டிலேயே தொழில் நீதிமன்றச் சட்டம் ஒன்று இருந்தது உண்மை. ஆனால் இரு தரப்பும் சம்மதித்தால்தான் தகராறு அங்கே போகும். சம்மதிக்காத முதலாளியை யாரும் இழுத்துக்கொண்டு போக முடியாது. பால் எடை போடும் இடத்தை நினைத்துப் பாருங்கள். கிராணி மெட்ரோலாக் கருவியைப் பாலுக்குள் விட்டு அளந்து எழுதுவதுதான் அன்றைய ரப்பர் சத்து. அவர் எழுதியதுதான் கணக்கு, அந்தக் கணக்குத்தான் சம்பளம். ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும், கணக்கு தவறு என்று கேட்டு வெல்ல மூன்றாவது ஆள் ஒருவர் வேண்டும். இரு தரப்புக்கும் மேலே நிற்கிற, இருவர் எழுதியதையும் வாசித்துக் காட்டக்கூடிய ஓர் ஆள்.

அந்த மூன்றாவது ஆளை நியாயமாக்கிய யோசனை தெற்குக் கடல் நாடுகளிலிருந்து வந்தது. நியூசிலாந்தில் 1890இல் கடலோடிகளின் பெரிய வேலைநிறுத்தம் தோற்றுப்போனது. அதைப் பார்த்த வில்லியம் பெம்பர் ரீவ்ஸ் என்ற அமைச்சர் 1894இல் தொழில் சமரச, நடுவர் தீர்ப்புச் சட்டத்தைக் கொண்டுவந்தார். முதலாளியும் சங்கமும் தாங்களே செய்துகொண்ட ஒப்பந்தத்தை நீதிமன்றத்தில் தாக்கல் செய்தால் அதற்குச் சட்டபலம் கிடைத்தது. ஆஸ்திரேலியா 1904இல் இன்னும் ஓரடி முன்னே போனது. தகராறில் இரு தரப்பும் உடன்பட்டால் அதை எழுதி, நீதிமன்றத் தலைவர் சான்றளித்து, பதிவாளரிடம் வைத்துவிட்டால் அது நீதிமன்றத் தீர்ப்பாகவே கருதப்படும். வணிக வழக்கின் இசைவுத் தீர்ப்புக்கு இணையான ஒன்று உழைப்பாளிக்குக் கிடைத்தது இப்படித்தான்.

அங்கிருந்து அது மலாயாவுக்கு வந்த பாதையில் ஓர் இணைப்பு எனக்கு மிகவும் பிடிக்கும். சார்ல்ஸ் காம்பா என்பவர் சிங்கப்பூரில் மலாயாப் பல்கலைக்கழகத்தில் பொருளியல் கற்பித்தவர். நம் தோட்டத் தொழிலாளர் சங்கத்தின் 1946 முதல் 1958 வரையான வரலாற்றை எழுதினார். அந்தப் புத்தகம் 1962இல் வந்தது. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன், 1960இல் சிங்கப்பூர் ஆஸ்திரேலிய முறையைப் பின்பற்றித் தன் தொழில் உறவுச் சட்டத்தை இயற்றியது. கூட்டு ஒப்பந்தத்துக்குச் சான்றளிக்கும் அந்த நடுவர் நீதிமன்றத்தின் முதல் தலைவராக அமர்ந்தவர் காம்பாதான். நெகிரி செம்பிலானில் முளைத்த சங்கத்தின் கதையை ஆராய்ந்தவரும், ஒப்பந்தங்களைத் தீர்ப்பாக்கும் நாற்காலியில் முதலில் உட்கார்ந்தவரும் ஒரே மனிதர்.

மலேசியாவில் அடுத்தது அவசரமாக நடந்தது. 1965 மே மாதம், இந்தோனேசியாவுடன் மோதல் நடந்துகொண்டிருந்த காலத்தில், முக்கியச் சேவைகளில் வேலைநிறுத்தத்தைக் கட்டுப்படுத்தி, தகராறுகளைக் கட்டாய நடுவர் தீர்ப்புக்கு அனுப்பும் விதிகள் வந்தன. 1967இன் தொடக்கத்தில் மலாக்காவின் புக்கிட் ஆசகான் தோட்டத்துத் தொழிலாளர்கள், வேலை நீக்கத்தை எதிர்த்துக் கோலாலம்பூர் நோக்கி நடந்தே போனார்கள். அதே ஆண்டு ஆகஸ்டு 7ஆம் தேதி தொழில் உறவுச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. அப்போது தொழில் அமைச்சர் வி. மாணிக்கவாசகம். தோட்டத் தமிழர்களின் வாக்கோடு நாடாளுமன்றம் போனவர் அந்தச் சட்டத்துக்குப் பொறுப்பான அமைச்சராக இருந்தார்.

அந்தச் சட்டம் செய்த வேலையைப் படிப்படியாகப் பார்க்க வேண்டும், அதில்தான் கதையின் உயிர் இருக்கிறது. அங்கீகாரம் பெற்ற சங்கம் பேச்சுக்கு எழுத்தில் அழைத்தால் முதலாளி 14 நாளுக்குள் பதில் சொல்ல வேண்டும். ஒப்புக்கொண்டால் 30 நாளுக்குள் பேச்சு தொடங்க வேண்டும். முடிவான ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், இரு தரப்பும் கையெழுத்திட வேண்டும். குறைந்தது மூன்று ஆண்டுக்கு அது செல்லும். அதை மாற்றுவதும் முடிப்பதும் எப்படி, பொருள் விளங்காமல் தகராறு வந்தால் என்ன செய்வது என்பதும் அதிலேயே இருக்க வேண்டும். தொழிலாளிக்குச் சட்டம் ஏற்கெனவே கொடுத்திருப்பதைவிடக் குறைவாக எழுதினால் அந்தப் பகுதி செல்லாது.

இதுவரை இரு தரப்பின் விஷயம். கையெழுத்தான ஒரு மாதத்துக்குள் ஒப்பந்தத்தின் பிரதி தொழில் நீதிமன்றப் பதிவாளரிடம் போய்ச் சேர வேண்டும். அவர் அதை நீதிமன்றத்தின் பார்வைக்கு வைக்கிறார். நீதிமன்றம் வாசிக்கிறது. சட்டத்துக்குப் பொருந்தாத இடம் இருந்தால் திருத்தச் சொல்லலாம். திருத்தாவிட்டால் இரு தரப்பையும் கேட்டபின் தானே திருத்தலாம், ஏற்க மறுக்கவும் செய்யலாம். ஏற்றுக்கொண்டால் அந்த நொடியிலிருந்து அது நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். கையெழுத்திட்டவர்களை மட்டும் அது கட்டுவதில்லை. அந்தத் தொழிலில் அன்று வேலையில் இருப்பவர், நாளை வந்து சேருகிறவர், சங்கத்தில் சந்தா கட்டாதவர், எல்லார் வேலை நிபந்தனையிலும் அது தானாக ஒட்டிக்கொள்கிறது. முதலாளி தோட்டத்தை விற்றால் வாங்கியவரையும் அது பிடிக்கும்.

இந்தக் கடைசி வரியின் அருமை தோட்டத்து ஆட்களுக்குத்தான் தெரியும். சுதந்திரத்தையொட்டிய ஆண்டுகளில் பிரிட்டிஷ் கம்பெனிகள் பல தோட்டங்களை விற்றன. வாங்கியவர்கள் துண்டு துண்டாக வெட்டி விற்றார்கள். 1951 முதல் 1960 வரை நடந்த அந்தத் துண்டாடலைப் பொருளியலாளர் உங்கு அசீஸ் தம் ஆய்வில் விரிவாகப் பதிவு செய்தார். பத்து ஏக்கர், இருபது ஏக்கர் என்று கைமாறியபோது பழைய துரையோடு பேசி வாங்கிய எதையும் புது ஆள் மதிக்க வேண்டியிருக்கவில்லை. தலைமுறையாக ஒரே நிரையில் வெட்டியவர்கள் ஒரே நாளில் வேலையற்றவர்களானார்கள். 1967க்கு முன்பே அந்தச் சட்டம் வந்திருந்தால் எத்தனை குடும்பங்களுக்கு உதவியிருக்கும் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை.

இந்த ஏற்பாடு எவ்வளவு பெரியது என்பதை அளக்க 1969இல் இங்கிலாந்தில் நடந்த ஒரு வழக்கைப் பார்த்தால் போதும். ஃபோர்டு கார் கம்பெனி, தன் தொழிற்சங்கங்கள் கூட்டு ஒப்பந்தத்தை மீறி வேலைநிறுத்தம் செய்கின்றன என்று உயர்நீதிமன்றம் போனது. நீதிபதி ஜெஃப்ரி லேன், அந்த மாதிரி ஒப்பந்தங்கள் சட்டப்படி கட்டுப்படுத்துபவை அல்ல என்று சொல்லிவிட்டார். இரு தரப்பும் அப்படி நினைத்து அதைச் செய்யவில்லை என்பது அவர் சொன்ன காரணம். தொழிற்சங்கத்தின் தாயகம் எனப்படும் நாட்டில் அதன் நிலை அது. ரந்தாவில் மரம் வெட்டுகிறவரின் ஒப்பந்தத்துக்கு அப்போதே தீர்ப்பின் பலம் இருந்தது.

இனி, விலை. ஃபோர்டு வழக்கைத் திருப்பிப் பார்த்தால் அது தெரியும். இங்கிலாந்துத் தொழிலாளியின் ஒப்பந்தத்துக்குச் சட்டபலம் இல்லை, ஆனால் வேலைநிறுத்தம் செய்யும் கை கட்டப்படவில்லை. இங்கே நீதிமன்றம் ஏற்ற ஒப்பந்தத்தில் உள்ள எந்த விஷயத்துக்காகவும் வேலைநிறுத்தம் செய்யக் கூடாது. நீதிமன்றத்துக்கு அனுப்பப்பட்ட தகராறுக்காகவும் கூடாது. பதவி உயர்வு, இடமாற்றம், ஆள் குறைப்பு போன்றவை நிர்வாகத்தின் உரிமை என்று ஒதுக்கப்பட்டு, சங்கம் பேச்சில் முன்வைக்கும் பட்டியலிலிருந்தே வெளியே வைக்கப்பட்டன. பலத்தைக் கொடுத்த அதே சட்டம் இன்னொரு பலத்தை வாங்கிக்கொண்டது. இந்தப் பரிமாற்றம் தோட்டத் தொழிலாளிக்குச் சரிசமமாக இருந்ததாக நான் நினைக்கவில்லை.

1990இல் அது வெளிப்படையாகவே தெரிந்தது. மழை பெய்தால் வெட்டு இல்லை, வெட்டு இல்லாவிட்டால் பதிவில் பேர் இல்லை, பேர் இல்லாவிட்டால் சம்பளம் இல்லை. தினக்கூலியாகவே வாழ்நாள் கழிந்துவிடுகிறது, மாதச் சம்பளம் வேண்டும் என்று பல்லாயிரம் தோட்டத் தொழிலாளர்கள் வேலையை நிறுத்தினார்கள். சில நாளில் அமைச்சர் தகராறைத் தொழில் நீதிமன்றத்துக்கு அனுப்பினார். அதோடு வேலைநிறுத்தம் முடிந்தாக வேண்டும், முடிந்தது. அந்தக் கேள்விக்கு முழு விடை வர வெகுகாலம் ஆனது. நாடு தழுவிய குறைந்தபட்சச் சம்பளம் 2013 ஜனவரியில்தான் நடைமுறைக்கு வந்தது, தீபகற்பத்தில் மாதம் 900 ரிங்கிட். அது 2022இல் 1,500 ஆகி, 2025 பிப்ரவரியில் 1,700 ஆனது. ஒப்பந்த மேசையில் பல பத்தாண்டுகள் கேட்டும் முழுதாகக் கிடைக்காதது கடைசியில் பொதுச் சட்டமாகத்தான் வந்தது.

கூட்டு ஒப்பந்தம் எட்டாத இடங்களும் உண்டு. மாப்பாவில் சேராத சிறு தோட்டங்கள் அதற்கு வெளியே நின்றன. காண்ட்ராக்ட் ஆளாக வருகிறவருக்குத் தன் முதலாளி யார் என்பதே தகராறுக்குரிய கேள்வி. நீலாய், செண்டாயான் பக்கம் தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாயின. தோட்டம் தோட்டமாகத் தொடரும்வரைதான் வாங்கியவரை ஒப்பந்தம் பிடிக்கும். மரங்களைச் சாய்த்துவிட்டு மனை போட்டால் அங்கே கட்டுப்படுத்த ஒரு தொழிலே மிச்சமில்லை. அப்போது கையில் வருவது 1980ஆம் ஆண்டு விதிகளின்படி ஆட்குறைப்பு இழப்பீடுதான்: இரண்டு ஆண்டுக்குக் குறைவாக வேலை செய்தவருக்கு ஆண்டுக்குப் பத்து நாள் கூலி, ஐந்து ஆண்டு வரை பதினைந்து நாள், அதற்கு மேல் இருபது நாள். முப்பது ஆண்டு வெட்டியவருக்கு அறுநூறு நாள் கூலி. பிறந்து வளர்ந்த லய வீடு இந்தக் கணக்கில் வராது.

ஆனாலும் இந்தச் சட்டத்தில் பலர் கவனிக்காத ஒரு வாசல் இருக்கிறது. நீதிமன்றம் ஏற்ற ஒப்பந்தத்தின் ஏதோ ஒரு விதியை நிர்வாகம் மீறினால், அந்தப் புகாரை எழுத்து மூலம் தொழில் நீதிமன்றத்தில் கொடுக்கும் உரிமை சங்கத்துக்கு மட்டும் உரியது அல்ல. அந்த ஒப்பந்தத்தால் கட்டுப்பட்ட எந்த நபரும் கொடுக்கலாம். நீதிமன்றம் விசாரித்து நிறைவேற்றச் சொல்லி உத்தரவிடலாம். அந்த உத்தரவையும் மீறினால் அபராதத்துக்கும் சிறைக்கும் இடமுண்டு. இன்று நெகிரி செம்பிலான் தோட்டங்களில் வெட்டும் கைகளில் வங்காளதேசத்தவருடையவையும் இந்தோனேசியருடையவையும் நிறைய. அவர்கள் வேலை செய்யும் தோட்டம் அந்த ஒப்பந்தத்துக்கு உட்பட்டதாக இருந்தால், சந்தா கட்டாவிட்டாலும் அதன் கூலி அவர்களுக்கும் உரியது. அந்த உரிமையை அவர்கள் மொழியில் அச்சிட்டுப் பிரட்டுக் களத்தில் ஒட்டுவது, நம் பாட்டன்மார் உட்கார்ந்து வாங்கிய கையெழுத்துக்குச் சங்கம் செய்ய வேண்டிய அடுத்த வேலை.